செட்டிநாட்டு ஊர்களுக்கு நடுவில் கிடக்கும் நிலத்தைப் பற்றி ஒரு திறந்த மடல்

நகர் ஊரமைப்பு இயக்குநர் அவர்களுக்கும், சிவகங்கை, புதுக்கோட்டை மாவட்ட ஆட்சியர்களுக்கும் வணக்கம்.

2024-ல் காரைக்குடி மாநகராட்சி ஆனது. கோட்டையூர், கண்டனூர் பேரூராட்சிகளும் சங்கராபுரம் உள்ளிட்ட சில ஊராட்சிகளும் அதோடு சேர்ந்தன. அதே ஆண்டில் புதுக்கோட்டையும் மாநகராட்சி ஆனது. எங்களுக்கு இதில் மகிழ்ச்சிதான். நிதி வரும், குடிநீரும் சாக்கடையும் சீராகும் என்று நம்புகிறோம். ஆனால் மாநகராட்சி எல்லைப் பலகை நட்ட இடத்தோடு எங்கள் பிழைப்பு முடிந்துவிடுவதில்லை. தேவகோட்டை, திருப்பத்தூர், திருமயம், புதுவயல் என்று எல்லாத் திசையிலிருந்தும் காலையில் காரைக்குடிக்குப் பேருந்து ஏறுகிறார்கள். படிப்பு அழகப்பா பல்கலைக்கழகத்தில், வேலை கடைத்தெருவில் அல்லது ஆஸ்பத்திரியில், வீடு வேறு ஊரில். பள்ளத்தூரில் இருந்துகொண்டு இதை எழுதுகிற எனக்கும் அப்படித்தான். இத்தனை ஊர்களும் சேர்ந்து ஏற்கெனவே ஒரே வட்டாரமாகத்தான் நடமாடுகின்றன. திட்டம் மட்டும் ஊர் ஊராகத் துண்டுபட்டுக் கிடக்கிறது.

மாவட்ட எல்லை இதில் பெரிய தடை. 1948 வரை புதுக்கோட்டை தொண்டைமான் சமஸ்தானம். இந்தப் பக்கம் பிரிட்டிஷ் ஆட்சியின் ராமநாதபுரம் மாவட்டம். அந்தப் பழைய கோடுதான் பெரும்பாலும் இன்றைக்கும் மாவட்ட எல்லையாக நிற்கிறது. கானாடுகாத்தான் சிவகங்கையில், கடியாபட்டியும் ராயவரமும் அரிமளமும் புதுக்கோட்டையில். கோயில், கொண்டான் கொடுத்தான் உறவு, வீடு கட்டிய விதம், தண்ணீர் தேக்கிய விதம் எல்லாம் இரண்டு பக்கமும் ஒன்றே.

நாங்கள் பெருநகரக் குழுமம் கேட்கவில்லை. அரசியலமைப்பின் 74-ஆவது திருத்தப்படி பெருநகரத் திட்டக் குழு அமைக்கப் பத்து லட்சம் மக்களாவது இருக்க வேண்டும் என்பது தெரியும். ஆனால் 1971-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நகர் ஊரமைப்புச் சட்டத்திலேயே, பல ஊர்களைச் சேர்த்து ஒரு மண்டலத் திட்டப் பகுதியாக அறிவிக்க வழி இருக்கிறது. காரைக்குடி, தேவகோட்டை, திருப்பத்தூர், திருமயம், புதுக்கோட்டை வரை இரண்டு மாவட்ட நிலத்தையும் ஒரே பகுதியாக எடுத்து ஒரே வரைபடத்தில் திட்டமிடுங்கள் என்பதுதான் எங்கள் கோரிக்கை.

அந்த வரைபடத்தில் சாலைக்கு முன்னால் தண்ணீர் வர வேண்டும்.

இது வற்றாத ஆறு ஓடாத வறண்ட பூமி. செம்புறாங்கல் தரையில் ஊர் அமைத்தவர்கள், விழுகிற மழையை வைத்தே வாழக் கணக்குப் போட்டார்கள். ஓட்டுக் கூரையில் விழும் மழை, வீட்டு நடு முற்றமான வளவு வாசலில் இறங்கும். கல் வாய்க்கால் வழியாகத் தெருவுக்கு வரும். தெருவிலிருந்து ஊர்க் குளமான ஊரணிக்குப் போகும். குடிக்க ஓர் ஊரணி, குளிக்க ஒன்று, ஆடு மாடுகளுக்கு ஒன்று. ஒரு கண்மாய் நிறைந்தால் மிச்சத் தண்ணீர் கலிங்கு வழியாக அடுத்த கண்மாய்க்குப் போகும். இந்தத் தொடரில் எந்த இடத்தில் அடைத்தாலும் கீழே இருக்கிற ஊருக்குத் தண்ணீர் இல்லை, மேலே இருக்கிற ஊருக்குள் வெள்ளம். இப்போது நடப்பது அந்த அடைப்புதான். சாலையை உயர்த்திப் போட்டு, குறுக்கே கண்மாய்க்குத் தண்ணீர் கொண்டுவரும் வரத்துக்காலுக்குச் சின்னக் குழாய் ஒன்றைப் புதைத்துவிட்டுப் போகிறார்கள். மனைப்பிரிவுக்கு அனுமதி கேட்டு வந்தால் தெரு அகலமும் பூங்கா இடமும் சரிதானா என்று பார்க்கிறார்கள். பக்கத்துப் பக்கத்து மனைப்பிரிவுகள் சேர்ந்து ஒரு கண்மாயின் வரத்தை என்ன செய்யும் என்று பார்க்க யாருக்கும் பொறுப்பில்லை. மண்டலத் திட்டம் இல்லாததால் வந்த குறை இது. காரைக்குடிக்காரர்கள் பெருமையாகச் சொல்லும் குடிநீர் ஊற்றான சம்பை ஊற்றுக்குத் தண்ணீர் எந்த நிலத்தில் இறங்கி ஊறுகிறதோ, அந்த நிலத்தையும் இந்தத் திட்டம்தான் காக்க முடியும்.

ஊர்களுக்கு நடுவில் இருக்கும் வயலையும் பொட்டலையும் கண்மாயையும் ‘இன்னும் வளராத இடம்’ என்று வரைபடத்தில் வெறுமையாக விட்டுவிடாதீர்கள். காலியாகக் காட்டிய இடத்தில்தான் முதலில் மனைக்கல் நடுவார்கள். ஜெர்மனியின் ரூர் பகுதியில் எஸ்ஸன், போஹும், டோர்ட்மண்ட், டூயிஸ்பர்க் என்று நகரங்கள் ஒன்றையொன்று ஒட்டி நிற்கின்றன. நிலக்கரியும் இரும்பும் வளர்த்த அந்த நகரங்களுக்கு 1920-லேயே ஒரு பொது மண்டல அமைப்பை உண்டாக்கி, நகரங்களுக்கு நடுவே வடக்கு தெற்காகப் பசுமைப் பட்டைகளைக் காப்பாற்றி வைத்தார்கள். ஆலைப் புகைக்கு நடுவிலேயே அது முடிந்தது. நம்முடைய ஊர்களுக்கு இடையில் இன்னும் மூச்சுவிட நிலம் இருக்கிறது, இப்போதே செய்வது சுலபம்.

சென்னையை நினைத்துப் பாருங்கள். 1,189 சதுர கிலோமீட்டராக இருந்த பெருநகரப் பகுதி 2022-ல் 5,904 சதுர கிலோமீட்டராக விரிவாக்கப்பட்டது. பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம் உலக ஈரநிலங்களுக்கான ராம்சர் பட்டியலில் சேர்ந்ததும் அதே 2022-ல்தான். சதுப்பு நிலத்தின் பெரும்பகுதி அதற்கு முன்பே போய்விட்டது. எல்லையைப் பிறகு விரித்தாலும் போன நீர்நிலை திரும்புவதில்லை.

வீடுகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். செட்டிநாட்டு ஊர்த் தொகுதிகள் 2014 முதல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரிய உத்தேசப் பட்டியலில் இருக்கின்றன. சுற்றுலாவுக்காகச் சில வீடுகள் பிழைத்தன, நல்லது. ஆனால் ஒரு தெருவில் தொடங்கி அடுத்த தெருவில் முடியும் வீட்டைப் பங்காளிகள் பிரித்து இடிக்கும்போது, பர்மா தேக்குத் தூண் பழம்பொருள் கடைக்குப் போகிறது. அந்த வீட்டு மழைத் தண்ணீரின் வழியும் அதோடு அறுந்துபோகிறது. ஆகவே பாரம்பரியப் பாதுகாப்பைத் தனிப் பட்டியலாக வைக்காமல், தெருவும் வாய்க்காலும் ஊரணியும் சேர்ந்த ஒரே அமைப்பாகத் திட்டத்துக்குள் கொண்டுவாருங்கள்.

பேருந்து, குப்பை, சாக்கடை மூன்றையும் ஊருக்கு ஊர் தனித்தனியாகத் தீர்க்க முடியாது என்பதை உங்களுக்கு விளக்கத் தேவையில்லை. ஊரைவிட்டுத் தள்ளியிருக்கும் தேவகோட்டை ரஸ்தா நிலையத்தில் ரயில் இறங்குகிறவர் ஊருக்குள் போகப் படும் பாட்டை மட்டும் ஒரு முறை பாருங்கள்.

வரைவுத் திட்டம் தயாரானதும் தமிழில் வெளியிடுங்கள். மாவட்டத் தலைநகரில் மட்டும் கருத்துக் கேட்காமல் தேவகோட்டையிலும் கானாடுகாத்தானிலும் ராயவரத்திலும் கேளுங்கள். சென்னையிலும் மலேசியாவிலும் இருக்கும் வீட்டுக்காரர்கள் கோயில் திருவிழாவுக்கு ஊர் திரும்பும் நாட்களில் ஒரு கூட்டம் வையுங்கள். ஆண்டு முழுக்க இங்கேயே இருக்கும் ஆயக்கட்டு விவசாயிகள், ஆத்தங்குடித் தரைக் கல் போடுகிறவர்கள், கொட்டான் என்ற ஓலைக் கூடை முடையும் பெண்கள் வேலைக் கூலியை இழக்காமல் வர இன்னொரு கூட்டம், மாலை நேரத்தில், அவரவர் ஊரிலேயே வையுங்கள். கண்மாயும் வரத்துக்காலும் எங்கே எப்படி ஓடின என்பதை நிலத்தில் நடந்து காட்ட ஒவ்வொரு ஊரிலும் பெரியவர்கள் இருக்கிறார்கள். அளவைக்கு வரும் தேதியை முன்கூட்டியே சொன்னால் கூடவே நடக்க நாங்களும் வருகிறோம்.

இப்படிக்கு,
பள்ளத்தூர்வாசி ஒருவர்