உன் ஸ்கேன் ரிப்போர்ட்டைப் படித்தேன்

மாட்டுங்கா, மும்பை

அன்பு மகளுக்கு,

நீ அனுப்பிய ரிப்போர்ட்டைக் கடையிலேயே உட்கார்ந்து படித்தேன். இதை அம்மாவிடம்தான் பேச வேண்டும் என்று தயங்காதே. இத்தனை காலம் மருந்துக்கடையில் நிற்கிறவனுக்கு உடம்பைப் பற்றிப் பேசக் கூச்சமில்லை. கிங்ஸ் சர்க்கிள் பக்கமிருந்து வரும் பெண்கள் இதே மாதிரித் தாளை நீட்டி, "புற்றுநோயா?" என்று மெல்லக் கேட்பார்கள்.

வலது சினைப்பையில் 4 சென்டிமீட்டர் நீர்க்கட்டி, மெல்லிய சுவர், உள்ளே தெளிந்த நீர் மட்டும். அந்தக் கடைசி வரிதான் முக்கியம், இது சாதாரண நீர்க்கட்டி என்று அதுதான் காட்டுகிறது. மாதந்தோறும் சினைமுட்டை வளர்வதே நீர் நிறைந்த சிறு பைக்குள்தான். முட்டை வெளியேறாமல் பை வளர்ந்துகொண்டே போனால் இப்படி நின்றுவிடும். பெரும்பாலும் இரண்டு மூன்று மாதங்களில் தானே வற்றும். டாக்டர் மருந்து எழுதாமல் மறுபடி ஸ்கேன் எடுக்கச் சொன்னது அதனால்தான், அலட்சியத்தால் அல்ல. கருத்தடை மாத்திரை புதிய கட்டி வராமல் தடுக்கலாம், இருப்பதைக் கரைக்காது. "கல்யாணமானால் சரியாகிவிடும்" என்று அத்தை சொன்னதைக் காதில் போட்டுக்கொள்ளாதே.

ரத்தம் தேங்கிய சாக்லேட் கட்டி, கொழுப்பும் முடியும் சேர்ந்த டெர்மாய்டு எல்லாம் வேறு வகை. அவை வளர்ந்தால் லாப்ராஸ்கோப்பியில், அதாவது சிறு துளை வழியே செய்யும் அறுவையில், கட்டியை மட்டும் எடுத்துச் சினைப்பையைக் காப்பாற்றப் பார்ப்பார்கள். உனக்கு இப்போது அந்தப் பேச்சே வேண்டாம்.

ஒன்றில் மட்டும் நான் கண்டிப்பாகச் சொல்கிறேன். கட்டியின் பாரத்தில் சினைப்பை முறுக்கிக்கொள்ளக்கூடும். அதற்கு ரத்த ஓட்டம் நின்றுபோகும். அடிவயிற்றில் ஒரு பக்கமாகத் திடீரென்று தாங்க முடியாத வலி, கூடவே வாந்தி வந்தால், வலி மாத்திரை போட்டுக்கொண்டு விடியட்டும் என்று படுத்துவிடாதே. தாமதித்தால் சினைப்பையையே இழக்க நேரலாம். வலியோடு மயக்கமோ காய்ச்சலோ வந்தாலும் உடனே கிளம்பு. இரவிலும் மகளிர் மருத்துவர் இருக்கும் ஆஸ்பத்திரி பெங்களூரில் உன் இந்திரா நகரில் எது என்று இன்றே விசாரித்து, அறைத்தோழியிடமும் சொல்லி வை. எங்களுக்கு வழியில் போன் செய்தால் போதும். முதலில் ஆட்டோ பிடி.

அடுத்த ஸ்கேனை மாதவிலக்கு முடிந்த கையோடு எடுத்துக்கொள். அப்போதுதான் புதிதாக வளரும் முட்டைப்பை கட்டி போலத் தெரிந்து குழப்பாது. தேதி கிடைத்ததும் சொல். அம்மா வருகிறாள், உத்யான் எக்ஸ்பிரஸில் டிக்கெட் போடுகிறேன்.

அன்புடன்,
அப்பா