ஒன்பதாம் வகுப்பு ஓவியப் பாடம் குறித்துப் பெற்றோருக்கு

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

வணக்கம். இந்தப் பருவத்தில் ஒன்பதாம் வகுப்பு மாணவர்கள், டோக்கியோவில் 1933-இல் பிறந்த கலைஞர் யோகோ ஓனோவின் படைப்புகளைப் பற்றிப் படித்து வருகிறார்கள். பிள்ளைகள் வீட்டில் சொன்னதைக் கேட்டு, தம் ஆடையைப் பிறர் வெட்டும்படி மேடையில் அமர்ந்தவரைப் பற்றியா பள்ளியில் கற்பிக்கிறீர்கள் என்று உங்களில் சிலர் வருத்தத்துடன் கேட்டிருந்தீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான். ஆகவே விரிவாகவே எழுதுகிறேன்.

‘கட் பீஸ்’ என்னும் அந்த நிகழ்வை அவர் 1964-இல் கியோட்டோவிலும் மறு ஆண்டு நியூயார்க்கிலும் நடத்தினார். நல்ல உடை உடுத்தி, எதிரே ஒரு கத்தரிக்கோலை வைத்து, வாய் திறவாமல் அமர்ந்திருப்பார். பார்வையாளர்கள் ஒவ்வொருவராக மேடையேறி, உடையில் ஒரு துண்டை வெட்டி எடுத்துச் செல்லலாம். நியூயார்க்கில் ஓர் இளைஞர் உள்ளாடையின் பட்டையை வெட்டும் அளவுக்குப் போனபோது, ஓனோ கைகளால் மார்பை மறைத்துக்கொண்டார். யார் தயங்கினார்கள், யார் துணிந்தார்கள், யார் வேடிக்கை பார்த்தார்கள் என்பதே அங்கே படைப்பாகிறது. நம் வகுப்பில் அதன் படம் காட்டப்படவில்லை. ஆசிரியர் சொல்லால்தான் விவரித்தார். மாணவர் எவரும் அதை நடித்துப் பார்க்கப்போவதும் இல்லை. ஆனால், அனுமதி கிடைத்துவிட்டது என்பதற்காக ஒருவரிடம் எதையும் செய்யலாமா என்று பதினான்கு வயதுப் பிள்ளைகளைச் சிந்திக்க வைப்பதற்கு இதைவிட நேரான வழி எனக்குத் தெரியவில்லை. எனவே பாடத்திலிருந்து இதனை நீக்கப்போவதில்லை.

இரு தரப்புக் காய்களும் கட்டங்களும் வெள்ளையாகவே உள்ள அவருடைய 1966-ஆம் ஆண்டுச் சதுரங்கத்தைப் பின்பற்றி, மாணவர்கள் ஒரு பழைய பலகைக்கு வெள்ளை வண்ணம் பூசி ஆடிப் பார்த்தார்கள். சிறிது நேரத்திலேயே எந்தக் குதிரை யாருடையது என்று வாக்குவாதம் எழுந்தது. (பள்ளிச் சதுரங்க அணியினர்தான் முதலில் குழம்பினார்கள் என்று கேள்வி.)

அதே ஆண்டில் அவர் லண்டனில் காட்சிக்கு வைத்த இன்னொரு படைப்பில், உடைந்த பீங்கான் துண்டுகளையும் பசையையும் தந்து, பார்வையாளரையே ஒட்டச் சொன்னார். வரும் சனிக்கிழமை காலை 10 மணிக்கு நம் ஓவியக் கூடத்தில் அதனை நடத்துகிறோம். வீட்டில் உடைந்த பீங்கான் கோப்பை இருந்தால், ஓரங்களை உப்புத்தாளால் தேய்த்து, செய்தித்தாளில் சுற்றி அனுப்புங்கள்; கண்ணாடிப் பொருள்கள் வேண்டாம். துண்டுகள் மீண்டும் கோப்பையாகத்தான் வர வேண்டும் என்பதில்லை. நீங்களும் மேசையில் அமர்ந்து ஒட்ட வேண்டும் என்பது என் வேண்டுகோள். கைப்பேசியில் படமெடுத்துக்கொண்டு நிற்பதும், பிள்ளையின் கையிலிருப்பதை வாங்கி நீங்களே முடித்துத் தருவதும் இதன் நோக்கத்தையே கெடுத்துவிடும்.

தம் பிள்ளை இதில் பங்கேற்பதை விரும்பாதவர்கள் புதன்கிழமைக்குள் எழுதித் தெரிவித்தால், அந்த நேரத்தில் நூலகத்தில் அமர ஏற்பாடு செய்யப்படும். மதிப்பெண் எதுவும் குறையாது.

இப்படிக்கு,
தலைமையாசிரியர்