மம்மி சாபமாம்!

ஆசிரியர் சார், பழைய எகிப்து ராஜா துட்டன்காமன் கல்லறையைத் திறந்தவங்களை சாபம் கொன்னுடுச்சுன்னு ஞாயிறு மலர்ல போட்டிருந்தீங்க, படிக்க ஜாலியாத்தான் இருந்துச்சு, ஆனா பாதிக் கதையோட நிறுத்திட்டீங்களே. கல்லறையைத் தோண்டப் பணம் குடுத்த கார்னர்வான் பிரபு 1923 ஏப்ரல்ல செத்தது நிஜம்தான், கொசு கடிச்ச இடத்துல ஷேவிங் பண்றப்போ பிளேடு பட்டு, அது சீழ் வச்சு ரத்தத்துல விஷம் ஏறி, கூடவே நிமோனியாவும் வந்து கெய்ரோல போய்ட்டாரு. ஏற்கனவே கார் ஆக்சிடென்ட்ல அடிபட்டு வீக்கா இருந்த மனுஷன் வேற. ஆனா கல்லறையைக் கண்டுபிடிச்ச ஹோவர்ட் கார்ட்டரே 1939 வரைக்கும் இருந்தாரே, கூடவே உள்ள போன கார்னர்வான் பொண்ணு ஈவ்லின் 1980லதான் செத்தாங்க, அவங்கள மட்டும் சாபம் மறந்துடுச்சா? கல்லறை பத்தின செய்தி உரிமையை கார்னர்வான் லண்டன் டைம்ஸ் பேப்பருக்கு மட்டும் குடுத்துட்டதால மத்த பேப்பர்காரங்களுக்கு எழுத ஒண்ணுமில்ல, சாபத்தைப் புடிச்சுக்கிட்டாங்க. உங்க ஆளுங்கதான் சார் அவங்களும்!

– ஒரு வாசகர்