டன்டீல ஒரு டிராயிங் மாஸ்டர் இருந்தார்ப்பா

அன்புள்ள அப்பாவுக்கு,

போன் பண்ணா ரெண்டு நிமிஷத்துல "இந்தா, அம்மாகிட்ட பேசு"ன்னு குடுத்துடுறீங்க, அதனாலதான் டைப் பண்ணி அனுப்புறேன், கண்ணாடியப் போட்டுக்கிட்டு பொறுமையா படிங்க. நான் நல்லா இருக்கேன். இங்க ஸ்காட்லாந்துல, டன்டீ ஊர்ல இப்ப சாயங்காலம் மூன்றரைக்கே இருட்டிடுது, டே நதிப் பக்கத்துலேர்ந்து அடிக்கிற காத்துல குடையெல்லாம் விரிக்கவே முடியாது. அரிசி, பருப்புக்குக் குறைச்சல் இல்ல, முருங்கைக்காய் மட்டும் ஃப்ரோசன்லதான் கிடைக்குது.

விஷயம் என்னன்னா, நான் வேலை பார்க்குற கேர் ஹோம்ல, அதான் முதியோர் இல்லத்துல, ஒரு பாட்டி இருக்காங்க, உங்கள மாதிரியே ஸ்கூல்ல டிராயிங் சொல்லிக்குடுத்து ரிட்டயர் ஆனவங்க. எங்கப்பாவும் டிராயிங் மாஸ்டர்தான், லோயர், ஹையர் டிராயிங் பரீட்சை எல்லாம் பாஸ் பண்ணி வந்தவர்னு ஒரு நாள் வாய விட்டேன், அவ்ளோதான், அன்னிலேர்ந்து மாத்திரை குடுக்கப் போனாலும் படக் கதைதான், பெட் ஷீட் மாத்தப் போனாலும் படக் கதைதான். அவங்க படிச்சது இங்க டங்கன் ஆஃப் ஜோர்டன்ஸ்டோன் ஆர்ட் காலேஜ்ல. அப்ப பெயின்டிங் டிபார்ட்மென்ட் ஹெட்டா இருந்தவர் ஆல்பெர்ட்டோ மொரோக்கோ. 1950லேர்ந்து 1982 வரைக்கும் அவர்தான், 32 வருஷம் ஒரே நாற்காலி!

பேரப் பார்த்தா ஸ்காட்லாந்துக்காரர் மாதிரியா இருக்கு? ஆனா 1917ல அபர்டீன்ல பொறந்தவர்ப்பா, அப்பா அம்மாதான் இத்தாலிலேர்ந்து பொழைக்க வந்தவங்க. பதினாலு வயசுலயே அந்த ஊர் கிரேஸ் ஆர்ட் ஸ்கூல்ல சேர்ந்துட்டார். அங்க ஜேம்ஸ் கௌயி, ராபர்ட் சிவெல்னு ரெண்டு வாத்தியாருங்க, ரெண்டு பேருமே கோடு சுத்தமா வரணும்னு உயிர வாங்குற ரகம், நீங்க என்னை ஒரு லீவு முழுக்க சொம்பும் டம்ளரும் வரைய வெச்சீங்களே, அந்தப் பரம்பரை.

அப்புறம் யுத்தம் வந்துச்சு. 1940 ஜூன்ல முசோலினி பிரிட்டன் மேல போர் அறிவிச்சதும், இங்க ஐஸ்கிரீம் கடை, மீன் வறுவல் கடைன்னு வெச்சுப் பொழைச்சிட்டிருந்த இத்தாலிக்காரங்கள ராத்திரியோட ராத்திரியா போலீஸ் அள்ளிட்டுப் போயிருக்கு. அதுல கொஞ்சம் பேர கனடாவுக்கு அனுப்புறோம்னு அரண்டோரா ஸ்டார்ங்கிற கப்பல்ல ஏத்தி, ஜூலை 2ம் தேதி அதை ஜெர்மன்காரன் டார்பிடோ விட்டு மூழ்கடிச்சு, 400 இத்தாலிக்காரங்களுக்கு மேல கடலோட போயிட்டாங்க. நம்ம ஆளையும் கொஞ்ச நாள் எடின்பரோ கோட்டையில அடைச்சு வெச்சிருந்தாங்க. இங்கயே பொறந்து வளர்ந்த பையன் அவர்! அப்புறம் அதே ஆளைக் கொண்டுபோய் ஆர்மி மெடிக்கல் பிரிவுல போட்டுருக்காங்க, கேட்டா சிரிப்பா வருது, விசா ஆபீஸ் லெட்டர் வரும்போதெல்லாம் நான் அவரத்தான் நெனைச்சுக்குறேன்.

அப்புறம் பாருங்க, போர்ட்ரெய்ட் வரைய ஆள் வேணும்னா அவரைத்தான் கூப்பிட்டிருக்காங்க, யூனிவர்சிட்டி பெரிய மனுஷங்கல்லாம் வரிசையா வந்து உக்காந்திருக்காங்க, எலிசபெத் ராணியோட அம்மாவையே வரைஞ்சிருக்கார். 1963ல ராயல் ஸ்காட்டிஷ் அகாடமி மெம்பர், 1993ல பிரிட்டிஷ் அரசாங்கத்தோட ஓபிஇ பட்டம், 1998ல காலமாயிட்டார்.

பாட்டிகிட்ட அவர் படங்கள் இருக்குற தடி புஸ்தகம் ஒண்ணு இருக்கு. அடுத்தவங்க கேட்டு வரைஞ்சு குடுத்தது ஒரு பக்கம்னா, தனக்குன்னு வரைஞ்சதெல்லாம் இத்தாலி வெயில், பீச், வெனிஸ், தர்பூசணி விக்கிறவங்க, அந்த செவப்பும் மஞ்சளும் பார்த்தா ஹீட்டர் வேணாம்னு தோணும். பாட்டிக்கு பீச் படம்தான் உசத்தி. எனக்கென்னவோ மூஞ்சிங்கதான் பிடிச்சிருக்கு, ஒரு ஆளை நிதானமா உக்கார வெச்சுப் பார்க்குறது சும்மா இல்லப்பா.

ஏன் சொல்றேன்னா, போன வாரம் பாட்டி என்னை உக்கார வெச்சாங்க. பிரேக் டைம்ல, யூனிஃபார்மோட. கை நடுங்குது, சார்கோல் ரெண்டு தடவை கீழ விழுந்துச்சு, ஆனா கண்ணு மட்டும் என்னை அளந்துக்கிட்டே இருக்கு, சிரிச்சா "சிரிக்காத, கன்னம் மாறுது"ன்னு அதட்டுறாங்க, மூக்குத்திய மட்டும் ரப்பரால ஒரே ஒரு தடவை தொட்டு எடுத்தாங்க, பளிச்சுன்னு வந்துடுச்சு. போட்டோ அனுப்பிருக்கேன். மூக்கு கொஞ்சம் பெருசா விழுந்திருக்கோன்னு எனக்கு டவுட்டு, நீங்க பார்த்து சொல்லுங்க, அவங்களும் உங்க அபிப்பிராயத்தக் கேக்குறாங்க.

அந்த மொரோக்கோ 32 வருஷம் கிளாஸ் எடுத்துக்கிட்டே தன் படத்தையும் விடாம வரைஞ்சிருக்கார். உங்களுக்கு அந்த வசதி இல்லன்னு எனக்குத் தெரியும், டிராயிங் பீரியடையே கணக்கு வாத்தியார் பிடுங்கிக்குவார், ஒரு ஸ்டூடியோ யார் குடுத்தா? ஆனா தாத்தாவ நீங்க ஆயில்ல வரைஞ்சது பரண்ல கிடக்கே, அதை தம்பிய விட்டு இறக்கச் சொல்லுங்க, கரையான் அரிக்கிறதுக்குள்ள. தூசி தட்டி ஹால்ல மாட்டிட்டு போட்டோ எடுத்து அனுப்புங்க, பாட்டிகிட்ட காட்டணும். ஆணி அடிக்க இடமில்லன்னு அம்மா சொல்வாங்க, அங்கதான் நாலு காலண்டர் தொங்குதே, ரெண்டைக் கழட்டினா போதும்.

இப்படிக்கு,
உங்க பொண்ணு