புலனத்தில் சுற்றும் அந்த ஒரு பக்கம்: வாடிக்கையாளர்களுக்கு ஒரு மடல்

மலேசியா, பேராக், சுங்கை சிப்புட் வட்டார வாடிக்கையாளர்களுக்கு வணக்கம்.

அந்தப் படம் இந்நேரம் உங்கள் எல்லாருக்கும் வந்து சேர்ந்திருக்கும். பள்ளிப் பெற்றோர் குழு, கோயில் திருவிழாக் குழு, தாமான் (குடியிருப்பு) குழு என்று ஒன்று பாக்கியில்லாமல் புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) சுற்றிவிட்டது. வீட்டுக் கடன் ஒப்பந்தத்தின் ஒரு பக்கம். அதில் 7 லட்சத்து 22 ஆயிரம் வெள்ளி (ரிங்கிட்) என்ற தொகையைச் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம். கீழே, “கேட்டது 2 லட்சம். பாரம் எழுதும் அக்கா கையெழுத்து வாங்கியது 7 லட்சத்துக்கு. இனியாவது விழித்துக்கொள்ளுங்கள்” என்று ஒரு வரி. பாரம், அதாவது படிவம், எழுதிக் கொடுக்கும் என் கடையின் பெயரைப் போடவில்லை. போட வேண்டிய அவசியம் என்ன? இந்த ஊரில் பாரம் எழுதும் அக்கா எத்தனை பேர்?

எழுதியவர் யார் என்று எனக்குத் தெரியும். சொல்ல மாட்டேன். அவர் வீட்டுப் பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம் முதல் பிடிபிடிஎன் உயர்கல்விக் கடன் விண்ணப்பம் வரை என் மேசையில்தான் எழுதப்பட்டன. நாளைக்கு வந்தாலும் நாற்காலி போடுவேன். ஆனால் பதில் சொல்லாமல் இருந்தால் அது உண்மை என்றாகிவிடும். அதனால்தான் இந்த மடல்.

படத்தில் இருப்பது இஸ்லாமிய முறைக் கடன். நம்மவர்களும் நிறையப் பேர் இதை எடுக்கிறார்கள், மதம் தடையில்லை. இந்த முறையில் வட்டி என்ற பேச்சே கிடையாது. வங்கி ஒரு பொருளை வாங்கி உங்களுக்கு லாபத்தோடு விற்பதாகக் கணக்கு. விற்பனை என்று வந்துவிட்டால் விற்பனை விலையை முதல் நாளே தாளில் எழுதியாக வேண்டும். லாப விகிதமோ பின்னாளில் ஏறலாம், இறங்கலாம். ஆகவே வங்கி ஓர் உச்ச விகிதத்தை வைத்து விலையை எழுதிவிடுகிறது. படத்தில் உள்ள ஒப்பந்தத்தில் அது 10 விழுக்காடு. 2 லட்சத்தை 10 விழுக்காட்டில் 35 ஆண்டுகளுக்குப் போட்டுப் பாருங்கள்: மாதம் 1,719 வெள்ளி, 420 மாதங்கள், 7 லட்சத்து 22 ஆயிரம். அந்தக் குடும்பம் மாதம் 1,719 கட்டுகிறதா? 916 கட்டுகிறது. நடப்பு விகிதம் 4.25 விழுக்காடு. எழுதிய விலைக்கும் உண்மையில் வசூலிக்கும் தொகைக்கும் உள்ள வித்தியாசத்தை வங்கி ‘இப்ரா’ என்ற பெயரில் தள்ளுபடி செய்தாக வேண்டும். அது வங்கியின் தயவு இல்லை, ஒப்பந்தத்திலேயே உள்ள விதி. படத்தின் இடது ஓரத்தில் ஒரு கட்டைவிரல் தெரிகிறது அல்லவா? அந்த விரல் அழுத்திப் பிடித்திருக்கும் தாளைப் புரட்டினால் மறுபக்கத்தில் அந்த விதி இருக்கிறது. வட்டம் போடச் சிவப்புப் பேனா கிடைத்தவருக்குத் தாளைப் புரட்ட ஒரு விரல் கிடைக்கவில்லை.

சரி, 7 லட்சம் இல்லை. அதற்காக நிம்மதியாக மூச்சு விட்டுவிடாதீர்கள். மாதம் 916 வெள்ளி வீதம் 35 ஆண்டுகள் கட்டினால் மொத்தம் சுமார் 384,600 வெள்ளி. வாங்கியது 2 லட்சம், அதற்கு மேலே போவது 1 லட்சத்து 84 ஆயிரத்துச் சொச்சம். ஏறக்குறைய இன்னொரு வீடு. இந்த எண்ணுக்கு வட்டம் போட்டிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன்.

எங்கே போகிறது அந்தப் பணம் என்று கேட்கிறீர்கள். முதல் மாதத் தவணையை எடுத்துக்கொள்ளுங்கள். 2 லட்சத்துக்கு 4.25 விழுக்காடு, அதை 12ஆல் வகுத்தால் 708 வெள்ளி. நீங்கள் கட்டிய 916இல் 708 வட்டிக்கே (இஸ்லாமிய முறையில் அதற்கு லாபம் என்று பெயர்) போய்விட்டது. மிச்சம் 208 வெள்ளிதான் கடனைக் குறைத்தது. அடுத்த மாதம் வட்டி முக்கால் வெள்ளி குறையும், அசலுக்குப் போவது முக்கால் வெள்ளி கூடும். இப்படி நத்தையாக நகர்ந்து, தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 19ஆம் ஆண்டில். கமுனிங் பக்கத்து அண்ணன் ஒருவர் ஏழு ஆண்டுக் கணக்கு அறிக்கையோடு வந்து, “76,900 வெள்ளி கட்டியிருக்கிறேன், கடன் 20,000தான் குறைந்திருக்கிறது, வங்கி ஏமாற்றுகிறது” என்று சண்டை பிடித்தார். கணக்குப் போட்டுப் பார்த்தோம். வங்கி சொன்னது சரி. 20,250 வெள்ளிதான் குறைந்திருக்க வேண்டும்.

காருக்கு 3 விழுக்காடுதானே, வீட்டுக்கு ஏன் கூடுதல் என்பது இன்னொரு கேள்வி. கார்க் கடனில் வழக்கமாக வட்டியைத் தொடக்கத் தொகை முழுவதுக்கும் கடைசி ஆண்டு வரை போடுகிறார்கள்; வீட்டுக் கடனில் மீதமுள்ள அசலுக்கு மட்டும். அந்த 3 விழுக்காட்டை வீட்டுக் கடன் முறையில் கணக்கிட்டால் 5ஐத் தாண்டிவிடும். வீட்டில் அடி விழுவது விகிதத்தால் என்பதைவிட ஆண்டுகளால்.

இனி என்னை உண்மையிலேயே சுட்ட விஷயத்துக்கு வருகிறேன். “கமிஷனுக்காக 35 ஆண்டு போட்டுவிட்டார்” என்று அதே படத்தின் கீழே வேறொருவர் எழுதியிருக்கிறார். இதைப் படித்த இரவு எனக்குச் சோறு இறங்கவில்லை.

முதலில், கடன் கொடுக்கும் வங்கியிடமிருந்து எனக்கு ஒரு காசும் வருவதில்லை. 25 ஆண்டு என்றாலும் 35 ஆண்டு என்றாலும் நீங்கள் மேசையில் வைக்கும் அதே சேவைக் கட்டணம்தான். (காப்புறுதி முகவர் என்ற முறையில் வருவது வேறு கணக்கு, அது எல்லாருக்கும் தெரிந்ததே.) இரண்டாவது, 35 ஆண்டு என்பது நான் கண்டுபிடித்தது அல்ல. மத்திய வங்கியான பேங்க் நெகாரா 2013 ஜூலையில் அதை உச்ச வரம்பாக வைத்தது. அதற்கு முன் 40, 45 ஆண்டுக் கடன்கூட இருந்தது. மூன்றாவது, வந்து உட்கார்ந்ததும் எல்லாரும் கேட்கும் கேள்வி என்ன? “மாதம் எவ்வளவு அக்கா?” மொத்தம் எவ்வளவு என்று முதல் கேள்வியாகக் கேட்டவர் என் நினைவில் எவரும் இல்லை.

கேட்காவிட்டாலும் நான் சொல்கிறேன். ஒவ்வொரு கோப்பிலும் மஞ்சள் தாள் ஒன்று இருக்கும், இரண்டு கட்டம் போட்டது. இடப்பக்கம் 35 ஆண்டு: மாதம் 916, மொத்தம் 384,600. வலப்பக்கம் 25 ஆண்டு: மாதம் 1,083, மொத்தம் 325,000. மாதம் சுமார் 168 வெள்ளி கூடுதலாகக் கட்டினால் 59,000 வெள்ளிக்கு மேல் மிச்சம் என்று கீழே நானே எழுதி, அடிக்கோடு போட்டு, கையெழுத்து வாங்குகிறேன். சந்தேகம் இருப்பவர்கள் வந்து தங்கள் கோப்பைத் திறந்து பார்க்கலாம். படம் எடுத்துப் போட்டவரும் பார்க்கலாம்; மஞ்சள் தாள் அவர் கோப்பிலும் இருக்கிறது.

அப்புறம் ஏன் எல்லாரும் இடப்பக்கத்தையே எடுக்கிறார்கள் என்றால், சம்பள ரசீது அப்படி. 2,500 வெள்ளிச் சம்பளம், அதில் கார்த் தவணை, மோட்டார்சைக்கிள் தவணை. இதற்கு மேல் 1,083 என்றால் வங்கி விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பும். 916 என்றால் யோசிக்கும். திருப்பி அனுப்பப்பட்ட விண்ணப்பத்தோடு ஒரு குடும்பம் கடையை விட்டு இறங்குவதைப் பார்த்தவர்கள் என்னை இப்படிப் பேச மாட்டார்கள். நம்மில் பலருடைய அப்பா அம்மா தோட்ட நிர்வாகம் கொடுத்த லயத்து வீட்டில் வாழ்ந்து, வேலை ஓய்ந்த மாதமே சாமான்களை லோரியில் ஏற்றியவர்கள். தோட்டங்களைத் துண்டுதுண்டாக விற்ற துண்டாடல் காலத்தில், தொழிலாளர் பணத்திலேயே தோட்டம் வாங்க ம.இ.கா. தலைவர் துன் சம்பந்தன் 1960இல் தொடங்கிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்துக்கு மாதாமாதம் பணம் கட்டிய குடும்பங்களும் இந்த ஊரில் இருக்கின்றன. மாதத் தவணையைக் கண்டு பயப்படும் ஜனம் இல்லை நாம். ஆனால் தவணையின் கடைசிப் பக்கத்தைப் பார்க்கும் பழக்கம் இன்னும் வரவில்லை. இதை நான் குறையாகச் சொல்லவில்லை.

35 ஆண்டு எடுத்தவர்களுக்கு வழியே இல்லையா? இருக்கிறது, அதுவும் எளிய வழி. தொடக்கத்திலிருந்து மாதம் 100 வெள்ளி சேர்த்துக் கட்டினால் அதே கடன் 28 ஆண்டு 2 மாதத்தில் முடிந்துவிடும். சுமார் 41,000 வெள்ளி மிச்சம். ஆனால் சும்மா வங்கியில் கூடுதலாகப் போட்டுவிட்டு வந்தால் போதாது. உங்கள் கடன் சாதாரண வகை என்றால், அந்த 100 வெள்ளியை வங்கி அடுத்த மாதத் தவணைக்கு முன்பணமாக வைத்துக்கொள்ளும், அசல் குறையாது. “இது அசலைக் குறைக்க” என்று எழுதிக் கொடுக்க வேண்டும். நெகிழ்வு வகைக் கடன் என்றால் பெரும்பாலும் தானாகவே வட்டி குறையும். உங்களுடையது எந்த வகை என்று தெரியாதவர்கள் ஒப்பந்தத்தைக் கொண்டு வாருங்கள். முழுக் கடனையும் ஒரேயடியாக அடைக்க நினைப்பவர்கள் பூட்டுக் காலத்தைப் பாருங்கள். வழக்கமாக முதல் 3 முதல் 5 ஆண்டுகளுக்குள் தீர்த்தால் 2, 3 விழுக்காடு அபராதம் உண்டு.

ஊழியர் சேமநிதியை எடுத்துக் கடனை அடைக்கலாமா என்று வாரத்துக்கு ஒருவராவது கேட்கிறார். சேமநிதியில் வீடு போன்ற தேவைகளுக்கென்று உள்ள செஜாத்ரா கணக்கிலிருந்து ஆண்டுக்கு ஒரு முறை எடுக்கலாம். ஆனால் சேமநிதி 2024க்கு 6.30 விழுக்காடு லாப ஈவு கொடுத்தது. உங்கள் கடன் 4.25. அதிகம் தரும் இடத்திலிருந்து எடுத்துக் குறைவாகக் கேட்கும் இடத்தில் கட்டுவதில் எனக்கு ஒப்புதல் இல்லை. தவணை தவறிக்கொண்டிருப்பவர்கள் நிலைமை வேறு. அவர்கள் எடுக்கத்தான் வேண்டும்.

போன வருடத் தவணையும் இந்த வருடத் தவணையும் ஒன்றாக இல்லை என்பவர்களுக்கு: நான் மாற்றவில்லை. பேங்க் நெகாரா அடிப்படை வட்டியை 2022 மே முதல் 2023 மே வரை ஐந்து முறை ஏற்றி 1.75இலிருந்து 3.00க்குக் கொண்டுபோனது, 2025 ஜூலையில் 2.75க்கு இறக்கியது. 2 லட்சம் வெள்ளிக் கடனில் 0.25 ஏறினால் மாதம் ஏறக்குறைய 30 வெள்ளி கூடும். 2020இல் கோவிட் சலுகையில் ஆறு மாதம் தவணை நிறுத்தியவர்களுக்கு அந்த ஆறு மாதமும் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது. அப்போதே சொன்னேன்.

வீட்டு விலைக்கு மேல் வரும் சில்லறைச் செலவுகளை நீட்டவில்லை. 220,000 வெள்ளி வீடு, 2 லட்சம் கடன் என்றால் வழக்கறிஞர் கட்டணம் வீடு வாங்கும் ஒப்பந்தம், கடன் ஒப்பந்தம் இரண்டுக்கும் சேர்த்து 5,250, அதற்கு 8 விழுக்காடு சேவை வரி. முதல் வீடாக இருந்து விலை 5 லட்சத்துக்குள் என்றால் இப்போதைக்கு முத்திரை வரி விலக்கு உண்டு. இரண்டாவது வீடென்றால் முத்திரை வரிக்கு 4,400 வெள்ளி எடுத்து வையுங்கள். கட்டி முடியாத வீடு வாங்கினால், சாவி கிடைக்கும்வரை விடுவித்த தொகைக்கு மட்டும் வட்டி கட்டுவீர்கள். அது 384,600க்குள் சேராது. வீட்டுக் கடனுக்கான காப்புறுதியைக் கடனோடு சேர்த்துவிடுங்கள் என்று வங்கியில் சொல்வார்கள். 6,000 வெள்ளி பிரிமியத்தைக் கடனில் சேர்த்தால் 35 ஆண்டில் அது 11,500 ஆகிவிடும். தனியாக எடுத்துக்கொள்வது நல்லது. எடுக்க நினைப்பவர்கள் கேளுங்கள், விளக்குகிறேன்.

கடையில் கணக்குப் போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்த தங்கச்சி ஈப்போவில் நல்ல வேலை கிடைத்துப் போய்விட்டார், மனதார வாழ்த்தினோம். ஆகவே அடுத்த மாதம் முதல் வீட்டுக் கடன் கோப்புக்கான சேவைக் கட்டணம் 80 வெள்ளியிலிருந்து 120 ஆகிறது, சனிக்கிழமை பிற்பகல் கடை இல்லை.

படம் சுற்றிய மறுநாளே கடைக்கு வந்து, “நாங்கள் நம்பவில்லை அக்கா” என்று சொல்லி, எழுதுவதற்கு ஒன்றும் இல்லாமலே ஒரு நகல் எடுத்துக்கொண்டு போனவர்களே, உங்களுக்கு எப்படி நன்றி சொல்வது என்று தெரியவில்லை. எல்ஃபில் பக்கத்துப் பாட்டி முறுக்கு டின்னோடு வந்தார். ஒரு பள்ளி ஆசிரியர் குழுவில் எனக்காக நான்கு பத்தி எழுதினார். அவர் எழுதியதில் ஒரு எண் தவறு, ஆனாலும் கண் கலங்கியது. இந்த ஊர் என்னை அக்கா என்று கூப்பிடும்வரை நான் இதே மேசையில்தான் இருப்பேன்.

வரும்போது மூன்று தாள் கொண்டு வாருங்கள்: வங்கியின் கடைசி ஆண்டு அறிக்கை, கடன் ஒப்பந்தம் முழுவதும் (ஒரு பக்கம் மட்டும் வேண்டாம்), மூன்று மாதச் சம்பள ரசீது. ஏற்கெனவே கடன் எடுத்தவர்கள் மீதக் கணக்குப் பார்க்கக் கட்டணம் கிடையாது. காலையில் வந்தால் கூட்டம் குறைவு.

இப்படிக்கு,
பாரம் எழுதும் அக்கா,
சுங்கை சிப்புட்