அந்த ஆஸ்பத்திரிக் காகிதத்தை அனுப்பு

மதுரை
13.8.2013

அன்புள்ள தம்பிக்கு,

அம்மா எழுதுவது. அப்பாவுக்கு உடம்பு தேவலை. இடது கைதான் இன்னும் முழுசாக மடங்கவில்லை.

"கடை ஓனர் போட்ட வழக்கில் தீர்ப்புதான் வந்துவிட்டதே, தையல் கடையைக் காலி செய்துவிட்டு அப்பா வீட்டில் இருக்கட்டும்" என்று அன்றைக்கு நீ சொன்னாய். போனில் பதில் சொன்னால் அழுதுவிடுவேன், அதனால் எழுதுகிறேன். நாங்கள் அப்பீல் போகிறோம்.

நேற்றுதான் தீர்ப்பு நகல் கைக்கு வந்தது. வக்கீல் வாசித்து விளக்கினார். 1960ஆம் வருஷத்து வாடகைச் சட்டத்தில் 10ஆம் பிரிவு. மலைவாசஸ்தலம் அல்லாத ஊரில், தக்க காரணம் இல்லாமல் தொடர்ந்து 4 மாதம் இடத்தைப் புழங்காமல் விட்டால் வாடகைதாரரைக் காலி செய்யச் சொல்லலாமாம். நம் கடை 2011 நவம்பரிலிருந்து ஆறு மாதம் பூட்டிக் கிடந்தது உண்மை. ஓனர் கரண்ட் கணக்கைக் காட்டினார். கடையில் ஆணியில் தொங்கும், மீட்டர் ரீடிங் எழுதும் வெள்ளை அட்டையை நானும் எடுத்துப் பார்த்தேன். டிசம்பர், பிப்ரவரி, ஏப்ரல், மூன்று வரியிலும் ஒரே எண். மாசம் தவறாமல் 1,800 ரூபாய் கொடுத்தோமே, அது போதும் என்று நம்பியிருந்தேன். வாடகை கொடுப்பது வேறு, இடத்தைப் புழங்குவது வேறாம். பூட்டும் மெஷினும் உள்ளே இருந்தாலும் கணக்கில்லையாம்.

ஆனால் "தக்க காரணம் இல்லாமல்" என்று சட்டத்திலேயே இருக்கிறதே, தம்பி. பக்கவாதம் வந்து படுத்தவர் எப்படிக் கடை திறப்பார்? கூண்டில் ஏறி அப்பா இதைத்தான் சொன்னார். நாம் கொடுத்ததெல்லாம் மருந்துக்கடை பில்தான். அதை வைத்து அவ்வளவு நாள் படுத்திருந்தார் என்று சொல்ல முடியாது என்று எழுதிவிட்டார்கள். கடையைக் கைவிட்டுவிட்டார் என்றும் ஒரு வரி இருக்கிறது. அதைக் கேட்டதிலிருந்து அப்பா சரியாகச் சாப்பிடவில்லை. இருபத்தாறு வருஷம் உட்கார்ந்த இடம். மறுபடி திறந்த அன்று, விழுவதற்கு முன்னால் வெட்டி வைத்த சட்டைத் துணி மேஜையில் அப்படியே கிடந்தது. சாக்பீஸ் கோடுகூட அழியவில்லை. ஒற்றைக் கையால் துணியைப் பிடித்து, நான் காஜா எடுக்க, அதை முடித்து உரியவரிடம் கொடுத்தார். இவரா கைவிட்டவர்?

சரி, காரியத்துக்கு வருகிறேன். அப்பீலுக்குத் தீர்ப்பு நாளிலிருந்து 15 நாள். நகல் வாங்க ஆன நாளைக் கழித்துக்கொள்வார்கள். தீர்ப்பு 1ஆம் தேதி, நகலுக்கு மறுநாளே போட்டுவிட்டோம். இருந்தாலும் இழுக்க வேண்டாம், 20ஆம் தேதிக்குள் சப் கோர்ட்டில் போட்டுவிடலாம் என்கிறார் வக்கீல். கூடவே தீர்ப்பை நிறுத்தி வைக்கச் சொல்லி ஸ்டே மனுவும். வாடகை பாக்கி இருந்தால் அப்பீலே செல்லாதாம். நமக்குப் பாக்கி இல்லை, ரசீதெல்லாம் எடுத்து வைத்துவிட்டேன். அப்பீலில் வேண்டுமானால் மேற்கொண்டு விசாரிக்கவும் அதிகாரம் உண்டாம். அதனால்தான் உன்னிடம் கேட்கிறேன்.

பெங்களூரு டாக்டரிடம் காட்ட நீ எடுத்துப் போன பச்சை ஃபைல் உன்னிடம்தான் இருக்க வேண்டும். அதில் டிஸ்சார்ஜ் சம்மரியும் ஸ்கேன் ரிப்போர்ட்டும் இருக்கும். ஜெராக்ஸ் வேண்டாம், ஒரிஜினலையே நாளைக்கே கூரியரில் போடு. பிசியோதெரபி சீட்டு மார்ச் மாதம் வரைக்கும் இருந்ததாக ஞாபகம், அதையும் தேடிப் பார். அனுப்பியதும் போன் பண்ணு. அப்பா காலை ஒன்பதரைக்கெல்லாம் கடையில் இருப்பார், அங்கேயே கூப்பிடு.

அன்புடன்,
அம்மா