செட் பிரிக்கப்பட்ட பிறகு

அன்புள்ள ஆசிரியருக்கு,

'நாயகன்' படத்தில் வரும் தாராவியை மும்பையிலேயே எடுத்தார்கள் என்று பல வருடங்கள் நம்பியிருந்தேன். பெரும்பகுதி சென்னை ஸ்டுடியோ ஒன்றில் போட்ட செட் என்று தெரிந்ததும், படத்தை மறுபடி போட்டு நடிகர்களை விட்டுவிட்டுச் சுவர்களை மட்டும் பார்த்தேன். அழுக்கேறிய சந்துகளில் ஆட்கள் வருடக்கணக்கில் வாழ்ந்த தடம் தெரிகிறது! அதை அமைத்த தோட்டா தரணி அடிப்படையில் ஓவியர். தந்தையும் கலை இயக்குநர்தான். 'நாயகன்', அப்புறம் 1996-ல் 'இந்தியன்', இரண்டுக்கும் தேசிய விருது. 2001-ல் பத்மஸ்ரீ. 2022-ல் 'பொன்னியின் செல்வ'னிலும் அவர் கைவண்ணம்தான்.

நடிகரின் முகம் படத்தில் நிற்கிறது, பாடல் வானொலியில் ஒலிக்கிறது. செட்டையோ படப்பிடிப்பு முடிந்ததும் பிரித்துவிடுகிறார்கள். மிஞ்சுவது முதலில் வரைந்த ஓவியங்களும் வரைபடங்களும் சிறு மாதிரிகளும்தான். தரணி மட்டுமல்ல, பி. கிருஷ்ணமூர்த்தி, சாபு சிரில் போன்ற கலை இயக்குநர்கள் வரைந்தவையும் சிதறாமல் ஓரிடத்தில் சேர வேண்டும். தரமணி அரசு திரைப்படக் கல்லூரியில் இதற்கென ஒரு கூடம் ஒதுக்கினால், கலை இயக்கம் கற்க விரும்பும் பிள்ளைகள் அந்தக் கோடுகளை நேரில் பார்க்கலாம். செய்தித்துறை அமைச்சர் இதைக் கவனிக்க வேண்டும்.

– ஒரு வாசகர், வடபழனி, சென்னை